துருக்கி டப்பிங்கைக் கேட்டுத் தமிழ்ப் பாட்டு எழுதும் முறை

பாம்பனிலோ தொண்டியிலோ பள்ளிப் பிள்ளைகளைக் கூட்டி, இசை நிறைந்த அனிமேஷன் படமொன்றின் பாட்டுக்குத் தமிழ்க் குரல் கொடுக்க விரும்புகிறவர்கள், எழுதத் தொடங்குமுன் அதன் துருக்கி டப்பிங்கை நான்கைந்து முறை கேட்பது நல்லது. வினையைக் கடைசியில் வைப்பதிலும் விகுதிகளை ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டிச் சொல்லை நீட்டுவதிலும் துருக்கி நம் மொழியைப் போன்றது. ஆகவே நாம் படப்போகும் சிரமத்தை அவர்கள் முன்பே பட்டிருப்பார்கள். துன்யா (உலகம்), துஆ (வேண்டுதல்) போன்ற அரபுச் சொற்கள் அங்கும் வழங்குவதால், கீழக்கரைப் பிள்ளைகளுக்குச் சில இடங்களில் காது தானாகவே நிமிரும்.

முதலில், நீண்ட சுரம் எங்கே விழுகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். 2013இல் வெளிவந்த ‘ஃப்ரோசன்’ படத்தின் ‘லெட் இட் கோ’, துருக்கியில் ‘அல்துர்மா’ ஆயிற்று. மூன்று அசைக்கு மூன்று அசை. ஆங்கிலத்தில் உதடு குவியும் இடத்தில் இங்கே வாய் விரியத் திறக்கிறது. பொருளோ ‘விட்டுவிடு’ என்பதிலிருந்து ‘பொருட்படுத்தாதே’ என்று நகர்ந்து, சுமையை இறக்கியவளான நாயகியை ஊர்ப்பேச்சை மதிக்காதவளாக மாற்றுகிறது. இதை நான் பிழை என்று சொல்லமாட்டேன். சுரத்துக்கு இசைந்த சொல் கதைக்கும் இசைந்திருக்கிறது.

இந்த உத்தியை அப்படியே எடுத்தால் நமக்கு ஒரு கண்ணி உண்டு. தமிழில் குறிலை இழுத்தால் சொல்லே மாறிவிடும்: ‘விடு’ என்பதன் முதலெழுத்தை நீட்டிப் பாடினால், கேட்கிற பிள்ளைக்கு அது ‘வீடு’தான். (வீடு என்பதற்கு விடுதலை என்றும் பொருளுண்டு என்று புலவர் வேண்டுமானால் சமாதானம் சொல்லலாம், எட்டு வயதுப் பிள்ளைக்கு அது செல்லாது.) எனவே நீளும் சுரத்தில் ‘போ’, ‘வா’, ‘வருவேன்’ போல நெடில் வந்து அமரும் சொற்களையே வையுங்கள்.

அடுத்து, ஆணுக்கும் பெண்ணுக்கும் பொருளுக்கும் துருக்கியில் ‘ஓ’ என்ற ஒரே சுட்டுச்சொல் போதும். நீங்களோ அந்தப் படத்தில் வரும் பனிமனிதனை ‘அவன்’ என்பதா, ‘அது’ என்பதா என்று முதலிலேயே முடிவுசெய்தாக வேண்டும். ‘பனி’ என்றாலே இக்கரைப் பிள்ளைகளுக்கு மார்கழி விடியல்தான் நினைவுக்கு வரும்; அதை விளக்கும் வேலையைப் படத்திடம் விட்டுவிடலாம்.

கடைசியாக, ஒலியை அணைத்துவிட்டு உதடுகளை மட்டும் பாருங்கள். முகம் பெரிதாகத் தெரியும் காட்சியில் உதடு ஒட்டும் இடங்களில் ப, ம வருகின்றனவா என்று சரிபாருங்கள். பாத்திரம் தொலைவில் நிற்கும்போது அந்தக் கணக்கு வேண்டாம்.