செருப்பு டயர், சார்டின் டப்பா: கானா பிள்ளைகளின் கார் செய்வது எப்படி?

கானாவில் ரப்பர் செருப்புக்குப் பெயர் 'சாலே வோட்டே'. தலைநகர் அக்ராவின் கா மொழியில் "நண்பா, வா போகலாம்" என்று அர்த்தம். (2011 முதல் அக்ராவில் நடக்கும் தெருக்கலைத் திருவிழாவுக்கும் இதே பெயர்தான்.) வார் அறுந்த செருப்பைத் தூக்கிப் போடுமுன் பிள்ளைகள் கேட்டு வாங்கிக்கொள்வார்கள். அவர்களுக்கு அது நாலு டயர்.

தேவையானவை: 125 கிராம் சார்டின் (மத்தி மீன்) டப்பா, அறுந்த செருப்பு ஒன்று, பழைய சைக்கிள் ஸ்போக்ஸ் கம்பி, ஆணி, கல், பிளேடு, கயிறு. எதையும் காசு கொடுத்து வாங்காதீர்கள். அப்புறம் இதில் சுவாரசியமே இல்லை.

டப்பாவைச் சோப்புப் போட்டு இரண்டு முறை கழுவுங்கள். மீன் வாடை போகாவிட்டால் பூனை பின்னாலேயே வரும். மூடி பிரிந்த விளிம்பு கையை அறுக்கும்; கல்லால் உட்பக்கமாகத் தட்டி மடக்குங்கள்.

அடுத்து டயர். தண்ணீர் பாட்டில் மூடியைச் செருப்பின் மேல் வைத்து நாலு வட்டம் வரைந்து வெட்டுங்கள். குதிகால் பக்கம் வேண்டாம், அது தேய்ந்து சரிந்திருக்கும்; ஒரு டயர் தடியாகவும் இன்னொன்று மெலிசாகவும் வரும். பாதக் குழிவு படும் நடுப்பகுதிதான் அதிகம் தேயாது. பிளேடு பெரியவர் கையிலேயே இருக்கட்டும்.

இப்போது துளை. டப்பாவின் நீளப் பக்கங்கள் இரண்டிலும், அடியிலிருந்து அரை சென்டிமீட்டர் மேலே, முன்னால் ஒன்று பின்னால் ஒன்று. எதிரெதிர்த் துளைகள் நேராக இருக்கட்டும். இல்லையென்றால் கார் கோணலாக ஓடும். ஆணியை ஆட்டித் துளையைக் கொஞ்சம் பெரிதாக்குங்கள். டயருக்கு ஆணியே வேண்டாம், கம்பியையே குத்திச் சொருகுங்கள். டப்பாவில் கம்பி லூசாகச் சுற்ற வேண்டும், டயரில் இறுகப் பிடிக்க வேண்டும். நான் முதல் தடவை இதைத் தலைகீழாகச் செய்து, பாதி வழியில் டயர்கள் கழன்று ஆளுக்கொரு திசையில் உருண்டன.

11 சென்டிமீட்டர் நீளத்தில் இரண்டு கம்பித் துண்டுகள் போதும். முதலில் டப்பாவில் நுழைத்து, பிறகு டயர் மாட்டி, முனைகளை மடக்குங்கள். முன்பக்கம் ஒரு துளையில் கயிறு கட்டினால் வண்டி தயார்.

ஆனால் வாசகம் இல்லாமல் ரோட்டில் இறக்கக் கூடாது. கானாவின் ட்ரோட்ரோ மினி பஸ்களின் பின்னால் ஏதாவது எழுதியிருக்கும். 'சீ நெவர் டிரை', அதாவது கடல் வற்றாது என்பது அங்கே ரொம்பப் பழகிய ஒன்று. டப்பாவின் பின்பக்கம் இரண்டு விரல் உயரம்கூட இருக்காது, சின்னதாக யோசியுங்கள். மை காய்ந்ததும் மணல் ஏற்றலாம்.