'பகடி' என்று போட்டுவிட்டால் வழக்கு வராதா?

வயது வந்தோருக்கான சூப்பர் ஹீரோ பகடிப் படங்களுக்கு அமெரிக்காவில் தனிச் சந்தையே உண்டு. அதில் இறங்குபவர்கள் செய்யும் முதல் தவறு, தலைப்போடு 'பகடி' என்று ஒட்டிவிட்டால் தப்பித்துவிடலாம் என்று நம்புவதுதான். 1976ஆம் ஆண்டு காப்பிரைட் சட்டத்தின் 107ஆவது பிரிவு அந்தச் சொல்லைப் பார்ப்பதில்லை. அடுத்தவர் படைப்பிலிருந்து அனுமதியின்றி எடுத்தது நியாயமான பயன்பாடா என்று பார்க்க, எதற்காக எடுத்தீர்கள், மூலப் படைப்பு எப்படிப்பட்டது, எவ்வளவு எடுத்தீர்கள், மூலத்தின் வியாபாரம் கெடுமா என்று நான்கு கேள்விகள் கேட்கிறது.

பலர் கோட்டைவிடுவது முதல் கேள்வியில்தான். கிண்டல் அந்த ஹீரோவின் மேலேயே விழ வேண்டும். சும்மா சூப்பர் ஹீரோ மேலங்கியை மாட்டிவிட்டுப் படுக்கையறைக் காட்சி எடுத்தால், கடன் வாங்கிய உடை மட்டும்தான் மிச்சம். 1994இல் உச்ச நீதிமன்றம் வரை போன கேம்ப்பெல் வழக்கைப் பாருங்கள்: டூ லைவ் க்ரூ என்ற ராப் குழு, ராய் ஆர்பிசனின் 'ஓ, ப்ரிட்டி வுமன்' பாட்டின் முதல் வரியையும் பேஸ் கிடார் துணுக்கையும் எடுத்துக்கொண்டு, அப்புறம் அந்த அழகிக் கனவையே கேலி செய்தது. காசுக்கு விற்பதாலேயே பகடி தோற்றுவிடாது, அது நல்ல ரசனையா கெட்ட ரசனையா என்பதும் பொருட்டில்லை என்றது நீதிமன்றம். ஆகவே 'ஆபாசம் என்றால் பாதுகாப்பே கிடையாது' என்று பயப்படுவதும் தவறு. 2002இல் 'ஸ்டார்பால்ஸ்' என்ற வயது வந்தோருக்கான அனிமேஷன் பகடிக்கு, 'ஸ்டார் வார்ஸ்' படங்களின் நிறுவனமான லூகாஸ்ஃபிலிம் தடை கேட்டபோது, கலிபோர்னியா நீதிமன்றம் இடைக்காலத் தடை தர மறுத்துவிட்டது.

அளவிலும் கவனம் வேண்டும். 1971இல் வந்த 'ஏர் பைரேட்ஸ்' காமிக்ஸ் மிக்கி மவுஸை போதையும் செக்ஸுமாக வரைந்தது. நோக்கம் கிண்டல்தான், ஆனால் உருவத்தை அச்சு அசலாக எடுத்திருந்தார்கள். மிக்கியை யாரும் ஒரு நொடியில் அடையாளம் கண்டுகொள்வார்கள், அதற்கு அவ்வளவு எடுக்கத் தேவையில்லை என்று 1978இல் டிஸ்னி பக்கம் தீர்ப்பு வந்தது. கார்கூட விதிவிலக்கில்லை, பேட்மேனின் காரான பேட்மொபைலுக்கே காப்பிரைட் உண்டு என்று 2015இல் தீர்ப்பானது.

டிரேட்மார்க்கை மறப்பது இன்னொரு பெரிய தவறு. அது வேறு சட்டம், இந்த நான்கு கேள்விகள் அங்கே செல்லாது. டல்லஸ் கவ்பாய்ஸ் என்ற அமெரிக்கக் கால்பந்து அணியின் சியர்லீடர்கள் தொடுத்து, 1979இல் தீர்ப்பான வழக்கில் ஒரு வயது வந்தோர் படம் சிக்கியது வெள்ளை ஷார்ட்ஸ், நீல நட்சத்திர பெல்ட் என்று அந்தச் சீருடையை ஒத்த உடையால்தான். அதனால் போஸ்டரில் அசல் லோகோவையோ அதே எழுத்துருவையோ வைக்காதீர்கள். ஸ்கிரிப்டில் கடன் வாங்கிய ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில், அது எந்தக் கிண்டலுக்காக என்று எழுதுங்கள். எழுத முடியாததை ஷூட்டிங்குக்கு முன்பே வெட்டிவிடுங்கள்.