டீசல் வேனில் ஃப்ளைவீல் தேய்மானம்: என் அனுபவம்

சிங்கப்பூரின் காக்கி புக்கிட் பக்கம் பட்டறைக்கு வரும் மேனுவல் டீசல் வேன்களில் டூயல் மாஸ் ஃப்ளைவீல் (எஞ்சினுக்கும் கிளட்சுக்கும் நடுவே, உள்ளே ஸ்பிரிங் வைத்து அதிர்வைத் தாங்கும் இரட்டைச் சக்கரம்) தேய்வது சகஜம். பிஐஇ விரைவுச்சாலை நெரிசலில் அரை கிளட்சிலேயே ஊர்ந்தால் வேறென்ன ஆகும்?

எஞ்சினை அணைக்கும்போது 'டக டக' என்று உதறினால் முதல் சந்தேகம் ஃப்ளைவீல் மேல்தான். ஆனால், ஐடிலில் (வண்டி நிற்க, எஞ்சின் மட்டும் மெதுவாக ஓடும்போது) வரும் இரைச்சல் கிளட்சை மிதித்ததும் நின்றால் கியர்பாக்ஸ் இன்புட் பேரிங்காகவும் இருக்கலாம். மிதிக்கும்போது மட்டும் கீச்சிட்டால் ரிலீஸ் பேரிங் (கிளட்சை விடுவிக்கத் தள்ளும் பேரிங்).

கியர்பாக்ஸை இறக்கிய பிறகே தீர்ப்பு. ரிங் கியரை (ஃப்ளைவீலைச் சுற்றியுள்ள பல் வளையத்தை) லாக் செய்து, கிளட்ச் பக்கத் தட்டைக் கையால் இருபுறமும் திருப்புங்கள். ஸ்பிரிங் இறுக்கம் தொடங்கும்வரை எத்தனை பல் அளவு ஆடுகிறது என்று எண்ணி, அந்த மாடலுக்குத் தயாரிப்பாளர் தந்த அளவோடு ஒப்பிடுங்கள். உள்ளிருந்து கிரீஸ் கக்கியிருந்தால் எண்ணவே வேண்டாம், மாற்றுங்கள். லேத்தில் கடைந்து தருகிறோம் என்பார்கள்; இந்த ரகத்துக்கு அது சரிவராது.

ஃப்ளைவீல் போல்ட்கள் முறுக்கும்போது நீளும் வகை. பழையதைத் திரும்பப் போடக்கூடாது. குறுக்கு வரிசையில், டார்க் ரெஞ்சால் குறித்த அளவுக்கு இறுக்கி, பிறகு கோணக் கணக்கில் திருப்ப வேண்டும். கிளட்ச் தட்டு, பிரஷர் பிளேட், ரிலீஸ் பேரிங்கையும் கையோடு மாற்றிவிடுங்கள். கூலியில் பெரும்பகுதி கியர்பாக்ஸை இறக்கி ஏற்றுவதற்கே போகிறது. கிராங்க் பின்பக்க ஆயில் சீல் ஈரமாக இருந்தால் அதுவும் புதுசு. புது ஃப்ளைவீலின் துரு தடுப்பு எண்ணெயை பிரேக் கிளீனரால் துடைக்காவிட்டால் கிளட்ச் வழுக்கும். ஸ்ப்ளைனில் (கிளட்ச் தட்டு கோத்து நிற்கும் கியர்பாக்ஸ் தண்டின் வரிப்பள்ளங்களில்) கிரீஸ் பட்டும் படாமலும் போதும்.

இன்ஜெக்டர் (டீசலைப் பீய்ச்சும் பாகம்) கோளாறால் எஞ்சின் தட்டுத்தடுமாறி ஓடுகிறதா என்றும் பாருங்கள். அதை விட்டுவிட்டால் புது ஃப்ளைவீலும் சீக்கிரம் போய்விடும்.