கவ்வாத்துக் கத்தியைக் கால ஆயுதமாக்குவது எப்படி

மாயப் புனைவில் காலத்தைத் திருப்பும் ஆயுதம் என்றதும், ஒளிவீசும் வாளும் மந்திரம் பொறித்த மணற்கடிகாரமும்தான் முதலில் நினைவுக்கு வருகின்றன. கதை இலங்கை மலையகத்தின் தேயிலைத் தோட்டமொன்றில் நடக்கிறதென்றால் அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. முதிர்ந்த செடியை இளமைக்குத் திருப்பும் கருவி தொழிலாளர் வரிசைவீடுகளான லயங்கள் ஒவ்வொன்றின் கூரைச் செருகலிலும் இருக்கக்கூடும். அந்தக் கவ்வாத்துக் கத்தியின் மாய விதிகளை, அதன் உண்மையான வேலையிலிருந்தே வகுத்துக்கொள்ளும் முறையை இங்கே விளக்குகிறேன்.

தேயிலை இயல்பில் மரமாகக்கூடியது. கவனிப்பாரற்று விடப்பட்ட மலைகளில் அது மரமாகவே நிற்பதைப் பார்க்கலாம். கொழுந்து பறிக்கப் பறிக்கச் செடியின் மட்டம் மெல்ல உயர்ந்து, விளைச்சலும் குறைந்து வரும்போது, அதை முழங்கால் அல்லது தொடை உயரத்துக்கு வெட்டிவிடுகிறார்கள். இதுவே கவ்வாத்து. வெட்டிய செடி பின்னர் புதுத் துளிர் விட்டு மறுபடியும் தொடக்கத்திலிருந்து வளர்கிறது. இங்கே அகற்றப்படுவது செடி அடைந்த வளர்ச்சியே தவிர, மலையில் கழிந்த ஆண்டுகள் அல்ல. ஆகவே உங்கள் கத்தியும் யாரையும் கடந்த காலத்துக்கு அனுப்பக் கூடாது. வெட்டுப்பட்டவரின் மேல் படிந்த ஆண்டுகளை மட்டுமே அது எடுக்க வேண்டும். இந்த ஒரு விதியை உறுதியாக வைத்துக்கொண்டால், தாத்தாவைக் கொன்றால் பேரன் பிறப்பானா என்பது போன்ற சலித்துப்போன புதிர்கள் கதைக்குள் நுழையா.

அதோடு, உண்மையான துயரத்துக்கும் இடம் கிடைக்கும். 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி இலங்கையில் வாழ்ந்த இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு அனுப்பப்பட வேண்டும் என்று இலங்கை, இந்திய அரசுகள் முடிவுசெய்தன. அப்படிப் போன ஒரு தம்பியை நினைத்து ஏங்கும் அக்காளின் மேல் கத்தி பட்டு, அவளது இருபது ஆண்டுகள் உதிர்கின்றன என்று வைத்துக்கொள்ளுங்கள். தம்பி திரும்பி வரமாட்டான். அவன் போனது மட்டும் அவளுக்கு மறந்துவிடும். அன்றிரவு அவனுக்கும் சேர்த்து அவள் ரொட்டி தட்டுவாள். அதைப் பார்த்துக்கொண்டிருப்பவர்கள் என்ன செய்வார்கள் என்பதிலிருந்து ஓர் அத்தியாயமே எழுதலாம்.

அடுத்தது விலை. விலையில்லாத ஆயுதம் கதையைக் கொன்றுவிடும் என்பதால், இதில்தான் மிகுந்த கவனம் வேண்டும். இலைகளை இழந்த செடி, வேரில் சேமித்து வைத்த மாப்பொருளைக் கொண்டுதான் மறுபடியும் துளிர்க்கிறது. அந்தச் சேமிப்பு குறைவாக இருக்கும்போது வெட்டினால் செடி பட்டுப்போகலாம். அதனால் வெட்டுவதற்கு முன் வேர்த்துண்டொன்றில் அயடீன் கரைசலை இட்டு, அது கருநீலமாக மாறுகிறதா என்று பார்க்கும் வழக்கம் உண்டு. நலிந்த செடியாயின், இலையுள்ள ஒன்றிரண்டு கிளைகளை வெட்டாமல் விட்டு, புதுத் துளிர் வளர்ந்த பிறகு அவற்றை அகற்றுவார்கள். வறட்சியில் வெட்டுவதையும் தவிர்ப்பார்கள். வெட்டு சரிவாகவும் பிசிறின்றியும் விழ வேண்டும். மொட்டைக் கத்தியால் பட்டை பிளந்தால், அந்தக் காயத்தின் வழியே அழுகல் உள்ளே இறங்கும்.

இவை ஒவ்வொன்றும் மாய விதியாக மாறத் தயாராகவே இருக்கின்றன. வேரில் எதையும் சேர்த்து வைக்காத மனிதனை, அதாவது யாருடைய அன்பையும் பெறாதவனை, கத்தி தொட்டால் அவன் மீளமாட்டான். தீட்டாத கத்தியால் வெட்டப்பட்டவனுடைய நினைவுகள் பிளந்து அழுகத் தொடங்கும். விடப்படும் கிளைதான் எனக்கு மிகவும் பிடித்தது. "அண்ணே, எங்கம்மா மொகம் இருக்கிற அந்தக் கிளைய மட்டும் விட்டுருங்க" என்று ஒருவன் கெஞ்சலாம். ஆனால் புதுத் துளிர் வந்ததும் அந்தக் கிளையும் வெட்டப்பட்டாக வேண்டும் என்பதை அறிந்த வாசகர், அந்த நாளை எண்ணி அஞ்சிக்கொண்டே பக்கங்களைப் புரட்டுவார்.

ஆற்றலின் அளவை உயரத்தோடு இணைத்துவிடுங்கள். குளிர்ந்த உயர்மலைகளில் செடி மெதுவாக வளர்வதால் நான்கைந்து ஆண்டுகளுக்கு ஒருமுறையே கவ்வாத்து நடக்கும். தாழ்நிலத் தோட்டங்களில் அந்த இடைவெளி குறைவு. ஆகவே உயர்மலையான நுவரெலியாவில் விழுந்த வெட்டு நீண்ட காலம் ஆறாமலிருக்கும், தாழ்நிலமான இரத்தினபுரிப் பக்கம் விழுந்த வெட்டு விரைவில் மூடிவிடும் என்று அமைப்பது இயல்பாகவே பொருந்தும்.

கடிகார மணியைக் கொண்டு கத்தியின் வலிமையை அளக்க வேண்டாம். மின்வெட்டுக் காலமான 1996இல் இலங்கையின் நேரம் முதலில் ஒரு மணி முன்தள்ளப்பட்டு, அதே ஆண்டில் அரைமணி பின்னிழுக்கப்பட்டு, 2006இல்தான் பழைய நிலைக்கு வந்தது. அந்தப் பத்தாண்டுகளில் கதையை அமைத்தால் 'காலை ஆறு மணி' என்பதே வழுக்கும். காலையில் தொழிலாளர் கூடி வேலை பிரித்துக்கொள்ளும் பிரட்டுக்களத்துக்கு அழைக்கும் தப்பொலி, கொழுந்து நிறுக்கும் வேளை, தொழிற்சாலைச் சங்கு ஆகியவை போதும்.

ஆயுதத்தை யாரிடம் கொடுப்பது? கவ்வாத்து பெரும்பாலும் ஆண்களின் வேலையாகவும் கொழுந்து பறிப்பது பெண்களின் வேலையாகவும் இருந்து வருவதால், கத்தியைப் பெண்ணிடம் கொடுத்தால் அது அவள் கைக்கு வந்த கதையையும் சொல்லியாக வேண்டும். மாற்றாக, கொழுந்தின் மட்டம் பார்க்கச் செடியின் மேல் வைக்கும் நீண்ட குச்சியை அவளுக்கே உரிய ஆயுதமாக்கலாம். கத்தி வளர்ச்சியைக் குறைக்கும். குச்சி அந்த உயரத்துக்கு மேல் எதையும் போகவிடாமல் நிறுத்தி வைக்கும்.

எதிராளிக்குப் புதிய ஆயுதம் தேட வேண்டியதேயில்லை, தொழிலாளரின் வேலைநாள்களைப் பதியும் செக்ரோல் புத்தகம் இருக்கிறது. முழுநாள் மலையில் நின்றவளுக்கு, கொழுந்தின் நிறை குறைந்ததென்று 'அரைப்பேர்', அதாவது அரைநாள் கணக்கு, போடும்போது, அவளது அரைநாள் எங்கே போகிறது? அந்த அரைநாள்களையெல்லாம் புத்தகம் எழுதும் கணக்கப்பிள்ளை தன் ஆயுளில் சேர்த்துக்கொள்கிறார் என்று எழுதுங்கள். பழைய காலக் கதையானால், 1921இல் ஒழிக்கப்பட்ட துண்டு முறை இன்னும் கொடியது. கடன் எழுதிய ஒரு தாள், தொழிலாளியின் வரப்போகும் நாள்களையும் முன்கூட்டியே பிடித்து வைத்துக்கொண்டது.

கத்தியால் அந்தப் புத்தகத்தை வெட்ட முடியும் என்று மட்டும் வைத்துவிடாதீர்கள். வேருள்ள உயிரின் மீதே கத்தி வேலை செய்யும், காகிதத்துக்கு வேரில்லை. இறுதி மோதலில் வெட்டுப்பட வேண்டியவர் அதை எழுதிய கணக்கப்பிள்ளைதான். அவருக்கு எந்தக் கிளையை விட்டுவைப்பது என்பதை முதல் அத்தியாயத்தைத் தொடங்கும் முன்பே முடிவு செய்துகொள்ளுங்கள்.