மகிழ்நன் என்னும் பெயர்: பொருள் கூறும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆண் குழந்தைக்கு மகிழ்ச்சி தொனிக்கும் தனித்தமிழ்ப் பெயர் தேடுவோரின் கண்ணில் 'மகிழ்நன்' என்னும் பெயர் என்றேனும் ஒருநாள் படும். அன்பழகன், இளங்கோ போல் ஊருக்குப் பலர் தாங்கும் பெயராக அது இன்னும் ஆகவில்லை. அதனால் கேட்பவரெல்லாம் பொருள் கேட்பார்கள். அப்போது சொல்லப்படும் விடைகளில் பிழைகள் மலிந்திருக்கின்றன. இவ்வளவு செழுமையான வரலாறுள்ள ஒரு சொல் அரைகுறை விளக்கத்தோடு ஒரு பிள்ளையின் தலைமேல் ஏற்றப்படக் கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

'எப்போதும் மகிழ்ச்சியாக இருப்பவன்' என்று சொல்லி நிறுத்திக்கொள்வதே பரவலான தவறு. மகிழ் என்னும் வினையடியிலிருந்து வந்த சொல் என்ற அளவில் அது சரிதான். ஆனால் இலக்கியத்தில் அச்சொல் மருதநிலத் தலைவனைக் குறிக்கும் பெயராகவே நிலைபெற்றிருக்கிறது. குறிஞ்சிக்கு வெற்பனும் சிலம்பனும், நெய்தலுக்குச் சேர்ப்பனும் புலம்பனும் தலைவர்களாக இருப்பதுபோல், வயலும் வாய்க்காலும் சூழ்ந்த மருதத்துக்கு ஊரனும் மகிழ்நனும் தலைவர்கள் என்பது நாற்கவிராச நம்பியின் அகப்பொருள் இலக்கணம் தரும் வகைப்பாடு. கணவன் என்ற பொருளையும் அகராதிகள் இச்சொல்லுக்குத் தருகின்றன. ஆகவே பெயரின் பொருளைச் சொல்லும்போது நெல்வயலையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

'சங்க காலத்தில் வாழ்ந்த ஒருவரின் பெயர்' என்று பெருமையோடு சொல்வது அடுத்த தவறு. அகப்பாடல்களில் வரும் மகிழ்நன் எந்தத் தனிமனிதனும் அல்லன். அவ்வாறு இருக்கவும் இயலாது. 'மக்கள் நுதலிய அகனைந் திணையும் சுட்டி ஒருவர்ப் பெயர்கொளப் பெறாஅர்' என்பது தொல்காப்பிய விதி. காதலைப் பாடும் ஐந்திணைப் பாடல்களில் இயற்பெயர் சுட்டப்படலாகாது என்பதால்தான் ஊரன், மகிழ்நன், சேர்ப்பன் போன்ற பொதுச்சொற்களைப் புலவர்கள் ஆண்டார்கள். ஒருவருக்கும் இயற்பெயராக நில்லாமல் எல்லாக் காதலர்க்கும் பொதுவாக நின்ற அச்சொல், நம் காலத்துக்குச் சற்று முன்னர்தான் ஆள்பெயராகும் வழி திறந்தது. உ. வே. சாமிநாதையர் பதிப்பாக ஐங்குறுநூறு 1903-லும் குறுந்தொகை 1937-லும் வெளிவந்தன. 1916-ல் மறைமலையடிகள் தொடங்கிய தனித்தமிழ் இயக்கம் வேதாசலம் என்ற தம் பெயரையே மாற்றிக்கொள்ளும் துணிவைத் தமிழர்க்குக் காட்டியது. பழஞ்சொற்கள் ஏட்டிலிருந்து அச்சுக்கும், அச்சிலிருந்து தொட்டிலுக்கும் வந்த கதை அதுதான். ஆகவே சொல் மிகப் பழையது, ஆள்பெயர் வழக்கு புதியது என்று பிரித்துச் சொல்வதே நேர்மை.

பாடல்களைத் தேடிப் படிக்கும் பெற்றோர் சிலர் அங்கே திகைத்துவிடுவதும் உண்டு. மருதத்தின் உரிப்பொருள், அதாவது அத்திணைப் பாடல்களுக்கு உரிய உணர்வு, ஊடல் ஆகையால், 'மகிழ்ந' என்று அவன் விளிக்கப்படும் இடங்களில் பல, பரத்தையரிடம் சென்று திரும்பியவனை வாயிலில் நிறுத்திக் கேள்வி கேட்கும் இடங்களாக இருக்கின்றன. குறுந்தொகையின் 238ஆம் பாடலில், குன்றியனார் என்னும் புலவர் தொண்டி நகரத்துப் பெண்களை முதலில் காட்டுகிறார். பச்சை அவல் இடித்த, கரிய வைரம் பாய்ந்த மரத்தாலான உலக்கையை, நெற்கதிர் விளைந்த வயல்வரப்பாகிய மெத்தையில் படுக்கவைத்துத் தூங்கச் செய்துவிட்டு, ஒளிரும் வளையணிந்த அவர்கள் மணலில் சிற்றில் கட்டும் வண்டல் விளையாட்டை ஆடப் போகிறார்கள். வேலை செய்து களைத்த உலக்கைக்கும் ஒரு படுக்கை கொடுத்த அந்தக் கற்பனைக்காகவே இப்பாடலைப் பலமுறை படிக்கலாம். அத்தகைய தொண்டியைப் போன்ற எம் அழகைத் திருப்பித் தந்துவிட்டு, நீ செய்த சத்தியங்களை எடுத்துக்கொண்டு போ என்று தோழி சொல்கிறாள்: 'தொண்டி அன்னவென் நலந்தந்து கொண்டனை சென்மோ மகிழ்நநின் சூளே.'

இதைப் படித்தபின் 'இது நல்ல பெயரன்று' என்று ஒதுக்குவதும், இப்படியொரு பாட்டே இல்லை என்பதுபோல் மறைப்பதும் ஒரே அளவு தவறு என்பது என் கருத்து. சினம் பொங்கி நிற்கும் நேரத்திலும் அவள் வாயில் வரும் விளி 'மகிழ்ந' என்பதுதான். அன்பு அற்றுப்போன இடத்தில் ஊடலுக்கே இடமில்லை. 'ஊடுதல் காமத்திற் கின்பம்' என்று வள்ளுவர் தம் நூலின் இறுதிக் குறளைத் தொடங்குவதையும் இங்கே நினைக்க வேண்டும். பிள்ளை வளர்ந்து தானே குறுந்தொகையைத் திறக்கும் நாளில் இச்செய்தி அவனுக்குப் புதிதாக இராதபடி பெற்றோர் முன்கூட்டியே சொல்லிவைப்பது நல்லது.

மகிழ் என்னும் அடிச்சொல்லுக்கு இன்றைய 'சந்தோஷம்' என்ற பொருளை மட்டும் ஏற்றுவதும் பிழையே. பழந்தமிழில் கள்ளையும் கள் தரும் களிப்பையும் அச்சொல் குறித்தது. 'பாண்முற் றுகநின் நாண்மகி ழிருக்கை' என்று புறநானூற்றின் 29ஆம் பாடல் சோழன் நலங்கிள்ளியை வாழ்த்துவது, பாணர் சூழ அவன் அமர்ந்திருக்கும் பகற்பொழுதின் களிப்பு மிக்க ஓலக்கமாகிய அரசவையை நினைத்தே. 'உள்ளக் களித்தலும் காண மகிழ்தலும் கள்ளுக்கில் காமத்திற் குண்டு' என்ற குறளின் நயமும் இதில்தான் இருக்கிறது. மகிழ்தல் கள்ளுக்கு உரிய சொல்லாக வழங்கியதால்தான், கண்ட அளவிலேயே மகிழச் செய்யும் ஆற்றல் கள்ளுக்கு இல்லை, காமத்துக்கே உண்டு என்று அதை வள்ளுவரால் காதலின் பக்கம் திருப்ப முடிந்தது. தன்னை மறக்கச் செய்யும் அளவுக்கு நிறைந்த இன்பம் என்று இதைக் கொண்டால் பெயருக்குக் குறைவு ஏதும் நேராது.

மகிழம்பூவோடு இப்பெயரை இணைத்து 'மகிழம்பூச் சூடியவன்' என்று கூறுவோரும் உண்டு. அந்த மரத்துக்கு வகுளம் என்றும் பெயருண்டு. குறிஞ்சிப்பாட்டின் பூக்களின் வரிசையில் அப்பெயர் வருகிறது. நம்மாழ்வார் 'நாட்கமழ் மகிழ்மாலை மார்பினன்' என்று தம்மைக் கூறிக்கொள்வது அந்தப் பூவைத்தான். திருவொற்றியூரில் சுந்தரர், சங்கிலியாரைப் பிரியேன் என்று சூளுரைத்ததும் மகிழ மரத்தின் கீழேதான். அந்த மரபு தனி அழகுடையது. ஆனால் மகிழ்நன் என்பதில் உள்ள 'ந்' என்னும் எழுத்து, வினையடிக்கும் 'அன்' என்னும் விகுதிக்கும் இடையே வரும் பெயரிடைநிலை. அதற்கும் மரத்துக்கும் தொடர்பில்லை. பூவின் நினைவு வேண்டுமென விரும்புவோர் நம்மாழ்வாரின் வகுளாபரணன் என்ற பெயரை எண்ணிப் பார்க்கலாம்.

எழுத்தைப் பொறுத்தவரை கண்டிப்பு தேவை. 'மகிழ்னன்' என்று பிறப்புச் சான்றிதழில் ஏறிவிட்டால் பின்னர்த் திருத்துவது பெரும்பாடு. மகிழ் + ந் + அன் என்பதே இதன் பகுப்பு. வாழ்நர், பொருநன், பெறுநர், ஓட்டுநர் ஆகியவற்றில் வரும் அதே தந்நகரம் ('ந') இங்கும் வருகிறது. 'மகிழ்வும் நன்மையும் உடையவன்' என்று 'நன்' என்பதைத் தனியே பிரித்துப் பொருள் சொல்வது இந்த அமைப்பை அறியாததால் நேர்வது. மேலும், சொல்லுக்கு முதலில் வரக்கூடிய எழுத்துகளும் ஙகரமும்தான் ழகர மெய்யைத் தொடர்ந்து வரும் என்பது தொல்காப்பியம். றன்னகரம் ('ன') தமிழில் சொல்லுக்கு முதலாவதில்லை. ஆதலால் ழகரத்தின்பின் அதற்கு இடமே இல்லை. 'மகிழன்' என்பது 'ந்' என்னும் இடைநிலை இல்லாமல் அமைந்த வேறொரு பெயர். அதுவும் நல்ல பெயர்தான், ஆனால் மருதநிலத் தலைவனை அது சுட்டாது. கூப்பிடும்போது பழம்பாடல் வழக்கில் 'மகிழ்ந' என்றும் இன்றைய பேச்சில் 'மகிழ்நா' என்றும் அழைக்கலாம், இரண்டும் பிழையற்றவை.