ஃபேன்டஸி கதைல தடை பண்ணின மதக்கொள்கைய எப்படி உருவாக்குறது

நம்மாளுங்க எழுதுற ஃபேன்டஸில தடை பண்ணின மதம்னாலே கறுப்பு அங்கி, குகை, நரபலின்னு ஆரம்பிச்சிடுறாங்க. அப்படி எழுதினா அடக்குறவன் பக்கம்தான் நியாயம்னு ஆயிடும், கதைல கேள்வியே மிச்சம் இருக்காது. அதனால முதல்ல கொள்கைய ஒரே வரில எழுதுங்க, அந்த வரி யாரோட வருமானத்த, யாரோட அதிகாரத்த காலி பண்ணுதுன்னு பாருங்க.

இப்படி வச்சுக்கலாம். ஒரு நாட்டுல வருஷத்துக்கு ஒரு தடவ எல்லா வீட்டு அடுப்பையும் அணைச்சிட்டு, கோயில்ல காணிக்கை குடுத்து நெருப்பு வாங்கித்தான் திரும்ப பத்த வைக்கணும். ஒருத்தி வந்து "கல்லுல தட்டி வர்ற நெருப்பும் அதே நெருப்புதான்"னு சொல்றா. அவ்ளோதான் கொள்கை. ஆனா அந்த காணிக்கை தானியத்துலதான் படைக்கு சோறு, அந்த நெருப்பு முன்னாடி நடந்தாத்தான் கல்யாணம் செல்லும், பிள்ளைக்கு சொத்து போகும்னு வச்சுப் பாருங்க, ராஜா ஏன் பயப்படுறான்னு தனியா விளக்கவே வேணாம்.

நிஜத்துல இதுக்கு நான் திரும்பத் திரும்ப போய் படிக்கிறது தென் பிரான்ஸ்ல இருந்த கத்தார்கள பத்தி, கத்தோலிக்க சர்ச் தடை பண்ணின ஒரு கிறிஸ்தவப் பிரிவு அது. இந்த உலகத்தப் படைச்சது கெட்ட சக்தின்னு நம்பினாங்க, அவங்கள்ல தீட்சை வாங்கினவங்க இறைச்சி, முட்டை, பாலாடைக்கட்டி எதுவும் தொடமாட்டாங்க, சத்தியமும் பண்ணமாட்டாங்க. பிரபுவுக்கும் அவனுக்கு கீழ இருக்கிறவனுக்கும் நடுவுல எல்லாமே சத்தியத்துல நின்ன காலம் அது, அப்போ அதுவே எவ்ளோ பெரிய கலகம்னு யோசிங்க. உங்க ஆளுங்களுக்கும் இப்படி சாப்பாட்டுல, பேச்சுல மாட்டிக்கிற மாதிரி ஒரு பழக்கம் வைங்க. 1051 வாக்குல ஜெர்மனில கோஸ்லார்ங்கிற ஊர்ல மதக்கொள்கைய மீறினவங்கன்னு சந்தேகப்பட்ட சிலர, கோழிய கொல்ல மறுத்தாங்கன்னு தூக்குல போட்டிருக்காங்க, அந்த மாதிரி ஒரு சோதனை உங்க அதிகாரி கையிலயும் இருக்கணும்.

அடக்குமுறைய ஒரே சண்டைல முடிச்சிடாதீங்க, இதுதான் நான் ரொம்ப அழுத்திச் சொல்றது. 1209ல கத்தார்கள அழிக்க சர்ச் கூப்பிட்ட படை வந்து பெசியே நகரத்துல கண்மண் தெரியாம வெட்டினாங்க, போர் 1229 வரைக்கும் போச்சு, அப்பவும் கொள்கை சாகல. 1244ல அவங்க ஒளிஞ்சிருந்த மோன்செகூர் கோட்டை விழுந்து சுமார் 200 பேர எரிச்சாங்க, அதுக்கப்புறமும் மலை கிராமங்கள்ல மிச்சம் இருந்துச்சு. அத நிஜமா அரிச்சு எடுத்தது சர்ச் நடத்தின விசாரணையும் அத எழுதி வச்ச ரெஜிஸ்டரும்தான். 1245-46ல துலூஸ்ல 5000 பேருக்கு மேல கூப்பிட்டு விசாரிச்சாங்க. யார் வீட்டுக்கு யார் வந்தா, யார் ரொட்டி குடுத்தா, யார் குனிஞ்சு வணங்கினான்னு கேட்டு எழுதிக்கிட்டே போனாங்க, ஒருத்தன் வாயில வந்த பேரு அடுத்தவனுக்கு சம்மன். செத்தவங்க எலும்பக்கூட தோண்டி எரிச்சாங்க, மன்னிப்பு வாங்கினவங்க துணில மஞ்சள் சிலுவை தச்சுக்கிட்டு ஊருக்குள்ள நடக்கணும். அந்த சிலுவை போட்டவளுக்கு யார் வேலை குடுப்பா, யார் பொண்ணு எடுப்பா? ஒரு நல்ல அத்தியாயம் அங்க இருக்கு.

காட்டிக்குடுக்கிறவன கெட்டவனா மட்டும் எழுதாதீங்க ப்ளீஸ். ஆர்னோ சிக்ர்னு ஒருத்தன், அவன் அம்மாவ கத்தார்னு எரிச்சு வீட்ட பறிச்சுட்டாங்க. அந்த சொத்த திரும்ப வாங்க, எல்லை தாண்டி ஒளிஞ்சிருந்த பெலிபாஸ்த்ங்கிற குருகிட்ட பக்தன் மாதிரி ஒட்டிக்கிட்டு, ஆசை காட்டி திரும்ப கூட்டிட்டு வந்து பிடிச்சுக் குடுத்தான். 1321ல அவர எரிச்சாங்க. அம்மாவ கொன்ன ஆளுங்களுக்கே வேலை பாத்த அந்த மகன் மனசுல என்ன ஓடியிருக்கும்? அத எழுத முடிஞ்சா உங்க கதை எங்கயோ போயிடும்.

மந்திரம் இருக்கிற உலகம்னா, மனசுல இருக்கிறத அப்படியே காட்டுற மந்திரத்த விசாரிக்கிறவன்கிட்ட குடுக்காதீங்க. சந்தேகம் இருக்கிற வரைக்கும்தான் பக்கத்து வீட்டுக்காரங்கிட்ட பயம் இருக்கும்.

எழுத உக்காரும்போது முதல் அத்தியாயத்துக்கு முன்னாடி ஒரு விசாரணை பக்கம் எழுதிப் பாருங்க. கேள்வி கேக்குறவன் ஒருத்தன், எழுதுறவன் ஒருத்தன், நம்ம அடுப்புக்காரி ஒருத்தி. ஜாக் ஃபூர்னியேங்கிற பிஷப் 1318ல இருந்து 1325 வரைக்கும் இப்படி விசாரிச்ச ரெஜிஸ்டர்ல ஆடு மேய்க்கிறவன் என்ன பேசினான், காதல் விஷயம், பேன் பாத்துக்கிட்டே பேசின பேச்சு வரைக்கும் பதிவாயிருக்கு. உங்க பக்கத்துலயும் அவ என்ன சமைச்சா, கல்ல எங்க ஒளிச்சு வச்சா, யார் பேர சொல்லாம முழுங்கினாங்கிறது வந்துடுச்சுன்னா மீதி கதைய அதுல இருந்தே இழுத்துட்டு போலாம்.