ஒளிப்படிகத்துக்குள் ஒளி எவ்வாறு செல்கிறது? விரிதாளில் கணக்கிட்டுப் பார்க்கும் எளிய முறை

சிலிக்கா ஒளியைத் தடையின்றி ஊடுருவ விடும் பொருள். டைட்டானியம் டை ஆக்சைடின் மென்படலமும் கண்ணுக்குப் புலப்படும் ஒளியை ஏறத்தாழ உட்கவர்வதே இல்லை. ஆனால் இவ்விரண்டையும் நூறு நானோமீட்டர் அளவுள்ள அடுக்குகளாக மாற்றி மாற்றிப் படியவைத்தால், குறிப்பிட்ட அலைநீளங்களைக் கொண்ட ஒளி மட்டும் அந்த அடுக்குக்குள் செல்ல வழியின்றி முழுமைக்கு மிக அருகில் திரும்பி வந்துவிடுகிறது. தடுப்பது பொருளன்று, பொருள் அடுக்கப்பட்டிருக்கும் ஒழுங்கு. இப்படி ஒளிவிலகல் எண் சீரான இடைவெளியில் ஏறி இறங்கும் அமைப்பையே ஒளிப்படிகம் அல்லது ஃபோட்டானிக் படிகம் என்கிறோம்.

அடுக்குகளில் இந்தத் தடை ஏற்படுவதை ராலே பிரபு 1887-ஆம் ஆண்டிலேயே ஆராய்ந்து எழுதினார். சரியாக நூறு ஆண்டுகள் கழித்து, 1987-இல், எலி யாப்லோனோவிச்சும் சஜீவ் ஜானும் தனித்தனியே வெளியிட்ட இரண்டு கட்டுரைகள் இதே கருத்தை மூன்று பரிமாணங்களுக்கு விரித்தன. அறிமுக நூல்கள் பெரும்பாலும் அந்த மூன்று பரிமாணப் படங்களிலிருந்தே தொடங்குகின்றன. படங்கள் அழகானவை என்றாலும், தொடக்க நிலையில் இருப்பவருக்கு அவற்றிலிருந்து காரணம் விளங்குவதில்லை என்பது என் எண்ணம். ஆகவே இங்கு ஒரே பரிமாணத்தில், அதாவது அடுக்குகளில், தொடங்குகிறோம். பள்ளி அளவு முக்கோணவியலும் எக்செல் போன்ற ஏதேனும் ஒரு விரிதாளும் இருந்தால் போதும்.

படி 1: அடுக்குகளின் தடிமனைத் தீர்மானித்தல்

முதலில் எந்த அலைநீளத்தைத் தடுக்க வேண்டும் என்று முடிவு செய்துகொள்வோம். ஆரஞ்சு நிறப் பகுதியில் உள்ள 600 நானோமீட்டரை எடுத்துக்கொள்ளலாம். சிலிக்காவின் ஒளிவிலகல் எண் 1.46 என்றும், டைட்டானியம் டை ஆக்சைடு படலத்தினுடையது 2.40 என்றும் வைத்துக்கொள்வோம். படலத்தைப் படியவைக்கும் முறையைப் பொறுத்தும் அலைநீளத்தைப் பொறுத்தும் இந்த இரண்டாவது எண் சற்று மாறும். நம் கணக்குக்கு இது போதுமானது.

ஒவ்வோர் அடுக்கும் தனக்குள் இருக்கும் ஒளியின் கால் அலைநீளத் தடிமன் கொண்டிருக்க வேண்டும். பொருளுக்குள் அலைநீளம் ஒளிவிலகல் எண்ணால் வகுபட்டுக் குறைவதால், தடிமனைக் காண 600-ஐ 4-ஆலும் ஒளிவிலகல் எண்ணாலும் வகுக்கிறோம். சிலிக்காவுக்கு 102.7 நானோமீட்டரும், டைட்டானியம் டை ஆக்சைடுக்கு 62.5 நானோமீட்டரும் கிடைக்கின்றன. இவ்விரு அடுக்குகளும் சேர்ந்தது ஓர் இணை. அந்த இணையின் மொத்தத் தடிமனாகிய 165 நானோமீட்டர்தான் நம் படிகத்தின் மீள்நீளம்.

படி 2: கால் அலைநீளம் ஏன்?

இரு பொருள்கள் சந்திக்கும் ஒரு பரப்பில் எவ்வளவு ஒளி எதிரொளிக்கும் என்று பார்ப்போம். ஒளிவிலகல் எண்களின் வேறுபாட்டை அவற்றின் கூட்டுத்தொகையால் வகுத்தால் அலையின் வீச்சில் திரும்பும் பங்கு கிடைக்கும்: 0.94-ஐ 3.86-ஆல் வகுக்க 0.2435. செறிவு வீச்சின் வர்க்கத்துக்கு நேர்விகிதத்தில் இருப்பதால், ஒரு பரப்பிலிருந்து திரும்பும் ஒளி 5.9 விழுக்காடு மட்டுமே. இவ்வளவு சிறிய பங்குகள் சேர்ந்து ஏறத்தாழ முழு எதிரொளிப்பாக மாற வேண்டுமானால், அவை அனைத்தும் ஒரே கட்டத்தில், முகட்டோடு முகடு பொருந்தி, வெளியே வந்தாக வேண்டும்.

அது நடக்கும் விதம் நுட்பமானது. குறைந்த ஒளிவிலகல் எண்ணிலிருந்து கூடிய எண்ணுக்குச் செல்லும் எல்லையில் எதிரொளிக்கும் அலை அரை அலைநீளம் புரண்டு திரும்புகிறது. கூடியதிலிருந்து குறைந்ததற்குச் செல்லும் எல்லையில் அப்படிப் புரள்வதில்லை. ஆகவே அடுத்தடுத்த இரு எல்லைகளிலிருந்து வரும் எதிரொளிப்புகள், வேறொன்றும் குறுக்கிடாவிட்டால், ஒன்றையொன்று அழித்துக்கொள்ளும். ஆனால் இரண்டாவது எல்லையிலிருந்து திரும்பும் அலை இடையிலுள்ள கால் அலைநீள அடுக்கைப் போகும்போது ஒரு முறையும் வரும்போது ஒரு முறையும் கடக்கிறது. அந்தக் கூடுதல் அரை அலைநீளம் முன்னைய புரளலை ஈடுசெய்துவிட, எல்லா எதிரொளிப்புகளும் ஒன்றையொன்று வலுப்படுத்துகின்றன.

படி 3: தடையைக் காட்டும் சோதனை எண்

முடிவே இல்லாமல் தொடரும் அடுக்குகளை இப்போது மனத்தில் கொள்வோம். சீராகத் திரும்பத் திரும்ப வரும் அமைப்பில் அலை எவ்வடிவில் இருக்க வேண்டும் என்பதை 1928-இல் பெலிக்ஸ் பிளாக் படிகங்களிலுள்ள எலெக்ட்ரான்களுக்காகக் கண்டறிந்தார். அதே தேற்றம் ஒளிக்கும் அப்படியே பொருந்துகிறது. ஓர் இணையைக் கடந்ததும் அலை தன் வடிவம் மாறாமல் குறிப்பிட்ட கட்ட அளவு மட்டும் முன்னேறியிருக்கலாம்; அல்லது ஒவ்வோர் இணைக்கும் ஒரே விகிதத்தில் தேய்ந்துகொண்டு போகலாம். எது நடக்கும் என்பதை ஒரே ஓர் எண் சொல்லிவிடும்.

அதைக் கணக்கிட இரண்டு அளவுகள் தேவை. முதலாவது கட்டக் கோணம்: 90 பாகையை 600-ஆல் பெருக்கி, நாம் சோதிக்கும் அலைநீளத்தால் வகுக்க வேண்டும். இரு அடுக்குகளும் கால் அலைநீளத் தடிமன் கொண்டவை என்பதால் இக்கோணம் இரண்டுக்கும் ஒன்றே. இரண்டாவது முரண் அளவு: 2.40/1.46, 1.46/2.40 ஆகிய இரு விகிதங்களின் சராசரி; அது 1.126. பின்னர்,

சோதனை எண் = (கொசைன் கோணம்)² − 1.126 × (சைன் கோணம்)²

இந்த எண் −1-க்கும் +1-க்கும் இடையில் இருந்தால் ஒளி தேயாமல் செல்லும். அந்த எல்லையைத் தாண்டினால் செல்லாது. காரணம் எளிது: இவ்வெண் ஓர் இணையைக் கடக்கும்போது ஏற்படும் கட்ட முன்னேற்றத்தின் கொசைன் மதிப்பாகும், எந்த மெய்க்கோணத்தின் கொசைனும் 1-ஐத் தாண்டாது என்பதால், தாண்டும் இடத்தில் பயணிக்கும் அலை என்ற தீர்வே இல்லாமல் போய்விடுகிறது.

படி 4: விரிதாளில் நிரப்புதல்

முதல் நெடுவரிசையில் 400 முதல் 1200 வரை அலைநீளங்களைப் பத்து நானோமீட்டர் இடைவெளியில் எழுதுங்கள். அடுத்ததில் கட்டக் கோணம், மூன்றாவதில் சோதனை எண். விரிதாள்களின் சைன், கொசைன் சார்புகள் கோணத்தை ரேடியனில்தான் எதிர்பார்க்கும். பாகையை 180-ஆல் வகுத்து, பை (π) என்ற எண்ணால் பெருக்கிய பிறகே அவற்றிடம் கொடுக்க வேண்டும். இதைக் கவனிக்காவிட்டால் கிடைக்கும் வரைபடமும் ஏறி இறங்கி உண்மை போலவே தோன்றும். ஆதலால் 600 நானோமீட்டரில் −1.126 வருகிறதா என்று முதலில் சரிபார்த்துக்கொள்வது நல்லது.

சில வரிசைகளை இங்கே பார்ப்போம். 1200 நானோமீட்டரில் கோணம் 45 பாகை, சோதனை எண் −0.063, ஒளி செல்லும். 800-இல் −0.815, இன்னும் செல்லும். 720-இல் −0.984, விளிம்புக்கு வந்துவிட்டோம். 700-இல் −1.021, தடை தொடங்கிவிட்டது. 600-ஐக் கடந்து 520-இல் −1.004 வரை தடை நீடிக்கிறது, 510-இல் −0.967 ஆகிவிடுவதால் வழி மீண்டும் திறக்கிறது. இன்னும் நுணுக்கமாகப் பார்த்தால் சுமார் 519 முதல் 711 நானோமீட்டர் வரையிலான பகுதி முழுவதும் அடைபட்டிருப்பது தெரியும். இதுவே பட்டை இடைவெளி.

இடைவெளியின் நடுவில் ஒளி எவ்வளவு விரைவாகத் தேய்கிறது? 600 நானோமீட்டரில் அலையின் வீச்சு ஒவ்வோர் இணையிலும் 1.64 மடங்கு குறைகிறது. இது 2.40-ஐ 1.46-ஆல் வகுத்தால் கிடைக்கும் அதே எண். செறிவோ அதன் வர்க்கமாகிய 2.70 மடங்கு குறைகிறது. எவ்வித உட்கவர்தலும் இல்லாததால், இப்படிக் குறைந்த ஆற்றல் வெப்பமாக மாறுவதில்லை. முழுவதும் வந்த வழியே திரும்புகிறது.

படி 5: எத்தனை இணைகள் வேண்டும்?

உண்மையான படிகம் எங்கேனும் முடிந்தாக வேண்டும். ஒளிவிலகல் எண் 1.52 உள்ள கண்ணாடியின் மேல் நம் அடுக்குகளை வைத்து, காற்றிலிருந்து ஒளியை நேர்க்குத்தாக விடுவோம். டைட்டானியம் டை ஆக்சைடு மேலே இருக்கட்டும். 2.70-க்கு இணைகளின் எண்ணிக்கையை அடுக்குக்குறியாக இட்டு (இரண்டு இணைகள் என்றால் 2.70 × 2.70), கிடைப்பதை 1.52-ஆல் பெருக்குங்கள். கிடைத்த எண்ணில் ஒன்றைக் கழித்ததை ஒன்றைக் கூட்டியதால் வகுத்து வர்க்கம் கண்டால், 600 நானோமீட்டரில் எதிரொளிக்கும் பங்கு வந்துவிடும்.

வெறும் கண்ணாடி 4.3 விழுக்காடு ஒளியைத் திருப்புகிறது. ஓர் இணை சேர்த்ததும் அது 37 ஆகிறது; இரண்டில் 70, மூன்றில் 87.5, ஐந்தில் 98.2. பத்து இணைகளில் 99.99 விழுக்காடு. அந்தப் பத்து இணைகளின் மொத்தத் தடிமன் 1.65 மைக்ரோமீட்டர் மட்டுமே. லேசர்களுக்குள் இருக்கும் ஆடிகள் உலோகப் பூச்சுக்குப் பதிலாகப் பெரும்பாலும் இவ்வகை அடுக்குகளால் செய்யப்படுவதன் காரணம் இதுதான்: உலோகம் ஒவ்வொரு எதிரொளிப்பிலும் சில விழுக்காட்டை உட்கவர்ந்துவிடும்.

படி 6: விளிம்பில் நடப்பது

இடைவெளியின் விளிம்பைத்தான் நான் மிகச் சுவையான இடம் என்பேன். சோதனை எண்ணின் நேர்மாறு கொசைனைக் கண்டால், ஓர் இணைக்கு ஏற்படும் கட்ட முன்னேற்றம் கிடைக்கும் என்று பார்த்தோம். அலைநீளம் 1200-லிருந்து 800 ஆகும்போது அது 93.6 பாகையிலிருந்து 144.6 ஆகிறது. 720-இல் 169.6, 715-இல் 173.3. அதிர்வெண்ணின் மாற்றத்தை இந்தக் கட்ட மாற்றத்தால் வகுத்தால் ஒளித்துடிப்பு நகரும் வேகத்துக்கு, அதாவது குழுத் திசைவேகத்துக்கு, ஓர் அளவு கிடைக்கிறது. 720-க்கும் 715-க்கும் இடையே கிடைக்கும் வேகம், 1200-க்கும் 800-க்கும் இடையே கிடைப்பதில் மூன்றில் ஒரு பங்குதான். விளிம்பை நெருங்க நெருங்க அது சுழியை நோக்கி வீழ்கிறது. முன்செல்லும் அலையும் பின்திரும்பும் அலையும் சமவலுவாகி நிலை அலையாக மாறுவதே இந்த மந்தத்துக்குக் காரணம். நீண்ட அலைநீள விளிம்பில் அந்த நிலை அலையின் ஆற்றல் டைட்டானியம் டை ஆக்சைடு அடுக்குகளிலும், குறுகிய அலைநீள விளிம்பில் சிலிக்கா அடுக்குகளிலும் குவிகிறது. ஒரே மீள்நீளத்தில் பொருந்தும் இந்த இரு அமர்வுகளும் வெவ்வேறு அதிர்வெண்களைப் பெறுவதாலேயே நடுவில் இடைவெளி பிறக்கிறது.

படி 7: ஒழுங்கை வேண்டுமென்றே குலைத்தல்

அடுக்குகளின் நடுவில் ஒன்றை மட்டும் இருமடங்கு தடிமனாக்கி, அதன் இருபுறமும் ஒரே எண்ணிக்கையில் அடுக்குகளைச் சமச்சீராக வையுங்கள். அதுவரை அடைபட்டிருந்த 600 நானோமீட்டர் ஒளிக்கு இப்போது மிகக் குறுகிய ஒரு வாயில் திறக்கிறது. அரை அலைநீளத் தடிமன் பெற்ற அந்த அடுக்குக்குள் ஒளி இரு ஆடிகளுக்கிடையே அகப்பட்டுப் பலமுறை போய்வந்து, பிறகே வெளியேறுகிறது. இருபுறமும் இணைகளைக் கூட்டினால் வாயில் மேலும் குறுகும். குறிப்பிட்ட நிறத்தை மட்டும் பிரித்தெடுக்கும் வடிகட்டிகள் இப்படித்தான் அமைகின்றன.

படி 8: சாய்வும் கூடுதல் பரிமாணங்களும்

ஒளி 45 பாகை சாய்ந்து விழுந்தால், சிலிக்காவுக்குள் செல்லும் கோணத்தின் கொசைன் 0.875, மற்றதில் 0.956. ஒவ்வோர் அடுக்கின் கட்டமும் இந்தக் கொசைனால் பெருக்கப்படுவதால், இடைவெளியின் நடு 600-லிருந்து சுமார் 549 நானோமீட்டருக்கு நகர்கிறது. சாய்வில் பாதை நீள்வதால் அலைநீளமும் நீளவேண்டும் என்று தோன்றலாம்; நடப்பது நேரெதிர். ஓப்பல் கல்லைத் திருப்பும்போதும் மயில் தோகையைச் சாய்க்கும்போதும் நிறம் மாறுவது இவ்வகை நகர்வால்தான். ஓப்பலில் சிலிக்காக் கோளங்களும், தோகையில் மெலனின் தண்டுகளும் நம் அடுக்குகளின் இடத்தில் ஒழுங்காக அமைந்திருக்கின்றன.

எல்லாத் திசைகளிலும் ஒரே அலைநீளத்தைத் தடுக்க வேண்டுமானால் மூன்று பரிமாண ஒழுங்கு வேண்டும். வைர அமைப்பைக் கொண்ட படிகத்தில் அத்தகைய முழு இடைவெளி உண்டு என்று 1990-இல் கணக்கிட்டுக் காட்டினர். அடுத்த ஆண்டே யாப்லோனோவிச்சின் குழு ஒரு மின்காப்புப் பொருளில் மில்லிமீட்டர் அளவுத் துளைகளிட்டு, நுண்ணலைகளைக் கொண்டு அதைச் சோதித்தது. ஒளியையும் நுண்ணலைகளையும் ஒருசேர விவரிக்கும் மேக்ஸ்வெல் சமன்பாடுகளில் தனக்கென ஒரு நீள அளவு இல்லாததால் அந்தச் சோதனை ஒளிக்கும் செல்லுபடியாகும்: எல்லா நீளங்களையும் பத்தாயிரம் மடங்கு பெருக்கினால் இடைவெளியின் அலைநீளமும் பத்தாயிரம் மடங்கு பெருகும், அவ்வளவே.

இதே நோக்கில் நம் விரிதாளையும் மாற்றிப் பாருங்கள். சிலிக்கானின் ஒளிவிலகல் எண் 3.48, சிலிக்காவினுடையது 1.44, நடு அலைநீளம் 1550 நானோமீட்டர் என்று கொண்டால் தடிமன்கள் 111-ம் 269-ம் ஆகும். முரண் அளவு 1.415. கணக்கைச் சரியாகச் செய்திருந்தால், தடை சுமார் 1218 நானோமீட்டரில் தொடங்கி 2130-இல் முடிய வேண்டும்.